பாட்டு கேட்க வேண்டும், கை மட்டும் தெரியக் கூடாது

சில வாரங்களாக எங்கள் வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு பழைய கறுப்பு வெள்ளைக் காணொளி சுற்றிக்கொண்டிருக்கிறது. இருட்டு. சிகரெட் புகை நெளிந்து மேலே போகிறது. வட்டம் வட்டமாக ஏதோ தெரிகிறது. அது ஒரு தொப்பியின் மேற்பகுதி என்பது தொப்பிக்காரர் முகத்தை நிமிர்த்தும்போதுதான் புரிகிறது. அவர் லெஸ்டர் யங். சாக்சபோனை வாயில் வைக்கிறார். படத்தின் பெயர் 'ஜாமின் த ப்ளூஸ்'. 1944ல் வார்னர் பிரதர்ஸ் வெளியிட்ட பத்து நிமிடப் படம். இதை அனுப்பிய நண்பர் கீழே ஒரு வரி எழுதியிருந்தார்: 'இசைக்கு நிறமும் இல்லை, சாதியும் இல்லை.'

நாங்கள் ஏழெட்டுப் பேர் சேர்ந்து அந்தப் படத்தைப் பெரிய திரையில் போட்டுப் பார்த்தோம். நண்பரின் வரியோடு எங்களுக்கு ஒரு சண்டை இருக்கிறது. அந்தச் சண்டை படத்திலேயே இருக்கிறது. கிட்டார் வாசிக்கிறவரைத் தேடிப் பாருங்கள். பெயர் பார்னி கெஸ்ஸல். மற்றவர்களுக்கெல்லாம் முகத்தில் ஒளி விழுகிறது, நெற்றி வியர்வைகூடத் தெரிகிறது. இவர் மட்டும் நிழலுக்குள் இருக்கிறார். அந்தக் குழுவில் அவர் ஒருவர்தான் வெள்ளையர். கறுப்பர்களோடு ஒரு வெள்ளையர் சரிசமமாக உட்கார்ந்து வாசிப்பதைத் திரையில் காட்ட ஸ்டுடியோவுக்கு விருப்பமில்லை. 'அவரை எடுத்துவிட்டு ஒரு கறுப்பரைப் போடுங்கள்' என்றார்கள். இசைப் பொறுப்பில் இருந்த நார்மன் கிரான்ஸ் மறுத்துவிட்டார். கடைசியில் ஒரு சமரசம். கெஸ்ஸலை நிழலில் வைப்பது, கை தெரியும் இடங்களில் கைக்குப் பழச்சாறு பூசிக் கறுப்பாக்கிவிடுவது. அந்தப் படப்பிடிப்பைப் பற்றி எழுதியவர்கள் திரும்பத் திரும்பச் சொல்லும் கதை இது.

இசைக்கு நிறமில்லையாம். வாசிக்கிற கைக்கு நிறம் பூசியிருக்கிறார்கள், தோழர்களே.

இந்தப் படம் தனி ஒன்றல்ல. 1920களின் கடைசியில் திரைப்படம் பேசத் தொடங்கியது முதல் 1940களின் நடுப்பகுதிவரை அமெரிக்காவில் இப்படிப்பட்ட இசைக் குறும்படங்கள் நூற்றுக்கணக்கில் எடுக்கப்பட்டன. ஸ்விங் இசையும், பத்துப் பதினைந்து பேர் கொண்ட பிக் பேண்ட் குழுக்களும் கொடிகட்டிப் பறந்த காலம் அது. அன்றைய தியேட்டரில் முழுநீளப் படத்துக்கு முன்னால் செய்திப்படம், கார்ட்டூன், அதோடு பத்து நிமிடத்துக்கு ஒரு இசைக்குழு என்று வரிசையாக ஓடும். குழுவுக்கு ஏற்கெனவே ரேடியோவிலும் இசைத்தட்டிலும் பெயர் இருக்கும். செட்டுக்குப் பெரிய செலவில்லை, கதை அரைப்பக்கம் போதும். வார்னரின் வைட்டாஃபோன், பாரமவுண்ட், ஆர்.கே.ஓ. எல்லாரும் எடுத்துத் தள்ளினார்கள்.

முழுநீளப் படங்களில் கறுப்பர்கள் சமையற்காரியாக, வேலைக்காரனாக, வண்டியோட்டியாக மட்டுமே வந்துகொண்டிருந்த நாட்களில் இந்தக் குறும்படங்களில்தான் டியூக் எலிங்டன், கேப் கேலோவே, லூயி ஆம்ஸ்ட்ராங், ஜிம்மி லன்ஸ்ஃபோர்ட் போன்றவர்கள் கோட்டும் டையுமாக, குழுத்தலைவர்களாக, தங்கள் சொந்தப் பெயரிலேயே வந்தார்கள். பெஸ்ஸி ஸ்மித் என்ற மகத்தான பாடகி நடமாடிப் பாடுவதை நாம் பார்க்க முடிகிற ஒரே படம் 1929ல் வந்த 'செயின்ட் லூயிஸ் ப்ளூஸ்' என்ற குறும்படம்தான். அதையும் எடுக்காமல் விட்டிருந்தால் குரல் மட்டும்தான் மிஞ்சியிருக்கும். அதனால் இந்தப் படங்களைக் குப்பை என்று தூக்கிப் போடச் சொல்கிறவர்களோடும் எங்களுக்கு உடன்பாடில்லை.

குறும்படத்தில் மட்டும் ஏன் இடம் கொடுத்தார்கள்? தாராள மனசு என்று நினைத்தால் ஏமாந்துபோவோம். குறும்படம் தனிச்சுருள். தென்மாநிலத் தியேட்டர்காரருக்குப் பிடிக்கவில்லை என்றால் அந்த ஒரு சுருளைப் போடாமல் விட்டுவிடலாம், முக்கியப் படத்துக்கு ஒரு கீறலும் விழாது. இதே தந்திரத்தைப் பின்னால் பெரிய படங்களிலும் கையாண்டார்கள். எம்.ஜி.எம். நிறுவனம் 1940களில் லீனா ஹார்னைப் பல படங்களில் பாட வைத்தது. ஆனால் பெரும்பாலும் அவர் ஒரு தூணில் சாய்ந்து தனியாகப் பாடுவார், கதையில் யாரோடும் பேசமாட்டார். தெற்கே படம் போகும்போது அந்தப் பாட்டைக் கத்தரித்து எடுத்துவிடலாம், கதை அறுபடாது. பந்தியின் கடைசியில் தனி இலை போடுவது போலத்தான். எடுப்பதற்கு வசதியான இடத்தில் இடம் கொடுப்பது என்ன வகை இடம் என்பது நமக்கு யாரும் பாடம் எடுத்துச் சொல்லவேண்டிய விஷயமில்லை.

எங்கள் கூட்டத்தில் அன்று பெரிய வாக்குவாதமே நடந்தது. காரணம், 1932ல் பாரமவுண்ட் வெளியிட்ட 'எ ராப்ஸடி இன் பிளாக் அண்ட் ப்ளூ'. ஒரு கறுப்புக் கணவன் தரையைத் துடைக்காமல் ஆம்ஸ்ட்ராங்கின் இசைத்தட்டைப் போட்டுவிட்டுப் பானை சட்டியைத் தட்டிக்கொண்டிருக்கிறான். மனைவி துடைப்பத்தால் மண்டையில் ஒரு போடு போடுகிறாள். மயங்கியவன் கனவில் 'ஜாஸ்மேனியா' என்ற நாட்டுக்கு ராஜாவாகிறான். அந்த அரசவையில் சோப்பு நுரைக்கு நடுவே ஆம்ஸ்ட்ராங் நின்று வாசிக்கிறார். உடம்பில் சிறுத்தைத் தோல். காட்டுவாசி வேஷம். உலகத்தின் தலைசிறந்த ட்ரம்பெட் கலைஞருக்கு அந்த ஸ்டுடியோ தேடிப்பிடித்துக் கொடுத்த உடை அது.

படம் முடிந்ததும் எங்களில் ஒரு தங்கை எழுந்து, "அவர் மறுத்திருக்கணும். மானம் இருந்தா அதைப் போட்டுக்கிட்டு நின்னிருக்க மாட்டார்" என்றாள். அவளுடைய கோபம் புரிகிறது. நம் தாத்தா பாட்டிகளைப் பற்றியும் நாம் இப்படித்தான் கேட்டிருக்கிறோம். ஆனால் அந்தக் கேள்வி தவறான ஆளிடம் போகிறது. தோலைத் தைத்தவன் யார், கதையை எழுதியவன் யார், 'இதைப் போட்டால்தான் கேமரா ஓடும்' என்று சொல்லும் அதிகாரம் யாரிடம் இருந்தது என்று கேட்பதுதான் முதல் வேலை.

இன்னொன்றும் உண்டு. தங்கையை அந்தப் படத்தை இரண்டாம் முறை பார்க்கச் சொன்னோம், இந்த முறை உடையை விட்டுவிட்டு. அவர் பாடுகிற 'ஷைன்' என்ற பாட்டின் வரிகள் கறுப்பரைக் கேலி செய்பவை. ஆம்ஸ்ட்ராங் அந்த வார்த்தைகளைச் சீக்கிரம் சீக்கிரமாகத் தாண்டி, பொருளற்ற ஒலிகளாக உடைத்து, ட்ரம்பெட்டைக் கையில் எடுக்கிறார். எடுத்த பிறகு அங்கே தோலும் இல்லை, நுரையும் இல்லை. அந்த உச்ச ஸ்வரங்களை அவரை வேஷம் கட்டச் சொன்னவர்களில் ஒருவரும் எட்ட முடியாது. தங்கை முழுதாக ஒத்துக்கொள்ளவில்லை. ஒத்துக்கொள்ள வேண்டும் என்று நாங்களும் வற்புறுத்தவில்லை. ஆனால் இந்தச் சிரித்த முகத்துக்காரர்தான் 1957ல் லிட்டில் ராக் நகரத்துப் பள்ளிக்குள் கறுப்பு மாணவர்களை விட மறுத்தபோது, அரசு ஏற்பாடு செய்திருந்த சோவியத் பயணத்தைத் தூக்கியெறிந்து, குடியரசுத் தலைவர் ஐசன்ஹோவரை வெளிப்படையாகத் திட்டினார் என்பதையும் சொல்லிவைத்தோம்.

எங்களை உண்மையில் உறுத்தியது வேறு ஒரு படம். 'கேப் கேலோவேஸ் ஹை-டி-ஹோ', 1934. ரயிலில் நடக்கிறது. கேலோவேயும் குழுவும் பயணத்திலேயே ஒத்திகை பார்க்கிறார்கள். இது கற்பனை இல்லை. எலிங்டன், கேலோவே போன்றவர்கள் தெற்கே போகும்போது தனி ரயில் பெட்டியே வாடகைக்கு எடுத்துக்கொண்டார்கள், ஏனென்றால் அரங்கத்தில் கைதட்டிய ஊரில் படுக்க ஓட்டல் கிடைக்காது, சாப்பிட உணவகம் கிடைக்காது. சரி, படத்துக்கு வருவோம். பெட்டியில் வேலை பார்க்கும் போர்ட்டர், தன் மனைவி வீட்டில் தனியாக இருக்கிறாளே என்று கேலோவேயிடம் புலம்புகிறான். 'ஒரு ரேடியோ வாங்கிக் கொடு' என்கிறார் அவர். போர்ட்டர் வாங்கிக் கொடுக்கிறான். பிறகு அவன் வேலைக்குப் போன நேரத்தில் கேலோவேயே அந்த வீட்டுக்கு வந்துவிடுகிறார். தியேட்டர் சிரித்திருக்கும்.

யார் இந்தப் போர்ட்டர்? புல்மன் கம்பெனியின் படுக்கை வசதி ரயில் பெட்டிகளில் படுக்கை விரித்து, செருப்புத் துடைத்து, பெட்டி தூக்கிய கறுப்புத் தொழிலாளி. கம்பெனி முதலாளி ஜார்ஜ் புல்மனின் பெயரால் எல்லாப் போர்ட்டரையும் பயணிகள் 'ஜார்ஜ்' என்றே கூப்பிட்டார்கள், எஜமான் பெயரால் அடிமையைக் கூப்பிடுவது போல. சொந்தப் பெயர் சொல்லிக் கூப்பிடப்படாத அவமானம் எது என்று நம் ஊரில் தெருவுக்கு ஒருவர் சொல்வார். இந்தத் தொழிலாளர்கள் 1925ல் ஏ. பிலிப் ராண்டால்ஃப் தலைமையில் சங்கம் கட்டினார்கள். பன்னிரண்டு வருடம் வேலைநீக்கம், உளவு, மிரட்டல் எல்லாவற்றையும் தாங்கி நின்று 1937ல் கம்பெனியைக் கையெழுத்துப் போட வைத்தார்கள். 1941ல் இதே ராண்டால்ஃப், 'வாஷிங்டனை நோக்கிப் பேரணி வருவோம்' என்று அறிவித்ததும், பாதுகாப்புத் தொழிற்சாலைகளில் நிறப் பாகுபாட்டைத் தடை செய்து ரூஸ்வெல்ட் ஆணை போட வேண்டியதாயிற்று.

ஆக 1934ல் ஒரு போர்ட்டர் தன் சங்க அட்டையைச் சட்டைக்குள் மறைத்துக்கொண்டு வேலைக்குப் போகிறான். அதே வருடம் திரையில் அவன் மனைவியைக் காக்கத் தெரியாத கோமாளி. கேலோவே பளபளவென்று வெள்ளை உடையில் ஆடுகிறார், நமக்கும் கால் ஆடுகிறது. ஆனால் அந்தப் பளபளப்புக்குப் பக்கத்தில் நிற்க ஒரு தொழிலாளி முட்டாளாக்கப்படுகிறான். ஒருவரை உயர்த்திக் காட்டி, அவருடைய சனத்தை அவரைக் கொண்டே கேலி செய்ய வைக்கிற இந்த ஏற்பாட்டைச் சிறுத்தைத் தோலைவிட ஆபத்தானது என்று நினைக்கிறோம். தோல் கண்ணுக்குத் தெரிகிறது. இது சிரிப்பில் கரைந்துவிடுகிறது.

இதற்கு நடுவில்தான் 'சிம்ஃபனி இன் பிளாக்' வருகிறது. 1935, பாரமவுண்ட். சுமார் ஒன்பது நிமிடம். கேலோவே படத்தை எடுத்த அதே ஃப்ரெட் வாலர்தான் இயக்குநர். அதே ஸ்டுடியோ, அதே இயக்குநர், ஆனால் வேறு உலகம். படம் தொடங்கும்போது எலிங்டனுக்கு ஒரு கடிதம் வருகிறது, புதிய இசைப்படைப்பின் அரங்கேற்றம் நெருங்கிவிட்டது என்று. அவர் பியானோ முன் உட்கார்ந்து எழுதுகிறார். ஆமாம், எழுதுகிறார். கறுப்பர் என்றால் இசை ரத்தத்திலேயே ஊறி வருகிறது, யோசிக்க வேண்டியதில்லை என்று நம்பவைக்கப்பட்ட ஒரு நாட்டில், ஒரு கறுப்பர் காகிதத்தில் குறிப்பெழுதி, அடித்து, திருத்தி, ஒரு படைப்பை உருவாக்குவதைத் திரையில் காட்டுகிறார்கள். பறையடிப்பவரைப் பார்த்து 'உங்களுக்குப் பிறவியிலேயே வந்துடுதுல்ல' என்று பாராட்டுகிறவர்களுக்கு இந்தக் காட்சியை அனுப்பிவைக்கலாம்.

நான்கு பகுதிகள். முதல் பகுதியில் தொழிலாளர்கள். உலையில் கரி வாரிப் போடுகிறார்கள், மூட்டை சுமக்கிறார்கள். யாரும் பல்லைக் காட்டவில்லை. பாட்டின் தாளம் மண்வெட்டியின் தாளம். இரண்டாம் பகுதி ஒரு காதல் துரோகம். ஆண் தள்ளிவிட, கீழே விழுந்து கிடக்கும் ஒரு பெண் அங்கிருந்தே பாடத் தொடங்குகிறாள். அந்தப் பெண் பில்லி ஹாலிடே. அப்போது அவருக்கு இருபதுகூட ஆகவில்லை, அவர் பெயரை நாடு இன்னும் கேட்டிருக்கவில்லை. மூன்றாம் பகுதி துயரப் பாடல், இறந்துபோன ஒரு குழந்தைக்காக. கடைசியில் ஹார்லெம் இரவு, ஆட்டம்.

படம் முழுக்க ஒரு நகைச்சுவை வசனம்கூட இல்லை. சொல்லப்போனால் வசனமே இல்லை. இது தற்செயல் என்று நாங்கள் நம்பவில்லை. வசனம் எழுதும் அதிகாரம் ஸ்டுடியோவிடம் இருந்தது. இசை எழுதும் அதிகாரம் எலிங்டனிடம் இருந்தது. வசனத்தை எடுத்துவிட்டால் மிச்சமிருப்பது யாருடைய சொல்? எட்டு வருடம் கழித்து, 1943 ஜனவரியில், கார்னகி ஹாலில் தன் மக்களின் வரலாற்றையே 'பிளாக், பிரவுன் அண்ட் பேஜ்' என்ற நீண்ட படைப்பாக அவர் அரங்கேற்றினார். அதற்கான ஒத்திகை இந்த ஒன்பது நிமிடத்திலேயே தொடங்கிவிட்டது என்பது எங்கள் எண்ணம். குறை இல்லாத படமல்ல இது. சுமக்கிறவர், துரோகம் செய்கிறவர், ஜெபிக்கிறவர், ஆடுகிறவர் என்று அதே நான்கு அச்சுகள்தான். ஆனால் அச்சுக்குள் ஊற்றப்பட்டது வேறு உலோகம்.

1940ல் இன்னொரு வேடிக்கை வந்தது. சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி 'பானரம்' என்று ஒரு பெட்டியைச் செய்தது. பெரிய ரேடியோ அலமாரி மாதிரி இருக்கும், மேலே சின்னத் திரை. மதுக்கடையிலும் உணவகத்திலும் பஸ் நிலையத்திலும் வைத்திருப்பார்கள். பத்து சென்ட் போட்டால் மூன்று நிமிடப் பாட்டுப் படம் ஒன்று ஓடும். அந்தப் படங்களுக்கு 'சவுண்டீஸ்' என்று பெயர். உள்ளே கண்ணாடிகளில் பட்டு பிம்பம் திரும்புவதால் படத்தையே இடவலம் மாற்றி அச்சடித்து அனுப்பினார்கள். 1947 வாக்கில் தொழில் படுத்துவிடுவதற்குள் 1,800க்கு மேல் எடுத்துவிட்டார்கள். கவுண்ட் பேஸி, ஃபேட்ஸ் வாலர், நாட் கிங் கோல், டோரத்தி டாண்ட்ரிட்ஜ் எல்லாரும் அதில் இருக்கிறார்கள்.

இந்தப் பெட்டியில் எங்களுக்குப் பிடித்தது அதன் குறைபாடுதான். ஒரு சுருளில் எட்டுப் படம், வட்டமாகச் சுற்றிக்கொண்டே இருக்கும். தேர்ந்தெடுக்க முடியாது. வெள்ளைக் குழுவைப் பார்க்க ஆசைப்பட்டுக் காசு போட்டவனுக்கு அடுத்து வருவது எலிங்டன் குழுவின் முன்னால் ஹார்லெம் இளைஞர்கள் ஆகாயத்தில் பறக்கிற லிண்டி ஹாப் ஆட்டமாக இருக்கலாம். பிடிக்காவிட்டால் எழுந்து போகலாம், அவ்வளவுதான். மனம் மாறி யாரும் கொடுத்த இடமில்லை இது. இயந்திரத்துக்கு ஒதுக்கிவைக்கத் தெரியவில்லை, அவ்வளவே.

1942ல் ஜீன் க்ரூபா குழுவின் ஒரு சவுண்டி வந்தது, 'லெட் மீ ஆஃப் அப்டவுன்'. வெள்ளைக் குழு. பாடுவது அனிட்டா ஓ'டே என்ற வெள்ளைப் பெண்ணும், ராய் எல்ட்ரிட்ஜ் என்ற கறுப்பு ட்ரம்பெட் கலைஞரும். ஒருவரையொருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக் கேலி பேசிக்கொள்கிறார்கள். இதில் என்ன இருக்கிறது என்று இன்று தோன்றும். அந்த நாட்டின் தென்பகுதியில் இப்படி ஒரு பெண்ணிடம் ஒரு கறுப்பர் தெருவில் பேசினால் உயிர் மிஞ்சாது. எல்ட்ரிட்ஜ் அதற்குப் பிறகு ஆர்ட்டி ஷா குழுவில் இருந்தபோது, வாசலில் தன் பெயர் எழுதி வைத்திருந்த அரங்கத்துக்குள்ளேயே நுழைய விடாமல் தடுக்கப்பட்டார். இனி வெள்ளைக் குழுவில் வாசிப்பதில்லை என்று சொல்லிவிட்டார். அவருக்கு முன்னால், 1938ல், அதே ஷா குழுவில் பாடிய பில்லி ஹாலிடேயை நியூயார்க்கின் ஓட்டல் ஒன்றில் சரக்கு லிஃப்டில் போகச் சொன்னார்கள். திரையில் மூன்று நிமிடம் சமம், திரைக்கு வெளியே சரக்கு லிஃப்ட்.

இப்போது அந்தப் பழச்சாறு பூசிய கைக்குத் திரும்பி வருவோம். அது ஏதோ ஒரு நாள் கூத்து அல்ல. 1930ல் 'செக் அண்ட் டபுள் செக்' என்ற முழுநீளப் படத்தில் எலிங்டன் குழு வாசித்தது. குழுவில் இருந்த ஹுவான் டிஸோல் போர்ட்டோ ரீக்கோக்காரர், பார்னி பிகார்ட் நியூ ஆர்லியன்ஸ் கிரியோல். இருவருக்கும் வெளிர்நிறம். பார்க்கிறவர்கள் கலப்புக் குழு என்று நினைத்துவிடக் கூடாதென்று இருவர் முகத்திலும் கறுப்பு மை பூசினார்கள். எலிங்டனின் முதல் குறும்படமான 'பிளாக் அண்ட் டேன்' என்பதில் ஆடியவர் ஃப்ரெடி வாஷிங்டன். வெள்ளைக்காரி என்று சொல்லிக்கொண்டால் நாயகி ஆகலாம் என்று சொல்லப்பட்டும், 'நான் கறுப்பினப் பெண்' என்று கடைசிவரை நின்றவர். 1933ல் பால் ராப்சனோடு நடித்தபோது அவருக்கும் கறுப்பு பூசப்பட்டது, ராப்சன் ஒரு வெள்ளைப் பெண்ணைத் தொடுவது போலத் தெரிந்துவிடக் கூடாதே என்று.

கறுப்பு நிறத்தைத்தான் வெறுக்கிறார்கள் என்றால் எல்லாருக்கும் வெள்ளை அல்லவா பூசியிருக்க வேண்டும்? கலந்துவிடுவதுதான் அவர்களுக்குப் பயம். பக்கத்தில் உட்காருவது, ஒரே ஒளியில் தெரிவது, தொடுவது. இந்தப் பயத்துக்கு நம் மொழியில் பழைய பெயர் ஒன்று உண்டு, தீட்டு.

இந்தக் கோட்டைத் திருப்பி அழித்தவர்களும் இருந்தார்கள். மிசிசிப்பியில் ஏழைக் கறுப்புக் குழந்தைகளுக்கான பைனி வுட்ஸ் பள்ளியில் 1937ல் மாணவிகளைக் கொண்டு ஓர் இசைக்குழு தொடங்கினார்கள், பள்ளிக்குப் பணம் திரட்டுவதற்காக. 'இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம்' என்று பெயர். 1941ல் அந்தப் பெண்கள் பள்ளியை விட்டு வெளியேறித் தனியாக நின்றார்கள். கறுப்பு, சீன, லத்தீன் வம்சாவளிப் பெண்கள், பிறகு சில வெள்ளைப் பெண்களும். பஸ்ஸிலேயே சமையல், பஸ்ஸிலேயே தூக்கம். தெற்கே போகும்போது வெள்ளைப் பெண்கள் முகத்தில் கறுப்புப் பூசிக்கொண்டு மேடையேறினார்கள், போலீஸ் பிடித்துவிடாமல் இருக்க. ஸ்டுடியோ பூசியதும் கறுப்புதான், இவர்கள் பூசிக்கொண்டதும் கறுப்புதான். அங்கே பிரித்துக் காட்டப் பூசினார்கள், இங்கே சேர்ந்திருக்கப் பூசிக்கொண்டார்கள்.

1946ல் இவர்கள் நடித்த சவுண்டிகள் வந்தன. அதே 1946ல்தான் பாபாசாகேப் அம்பேத்கர், நியூயார்க்கில் இருந்த டபிள்யூ.இ.பி. டுபாய்ஸுக்குக் கடிதம் எழுதினார், கறுப்பர்கள் ஐ.நா.வுக்குக் கொண்டுபோகும் மனுவின் பிரதி கேட்டு. டுபாய்ஸ் பதிலும் எழுதினார். இரண்டுக்கும் நேரடித் தொடர்பு எதுவும் இல்லை. ஆனால் அந்த வருடத்தை நாங்கள் சேர்த்தே நினைவில் வைத்துக்கொள்கிறோம்.

'ஜம்ப் சில்ட்ரன்' என்ற அவர்களுடைய சவுண்டியை அன்று கடைசியாகப் போட்டோம். நடத்துபவர் அன்னா மே வின்பர்ன். ட்ரம்பெட்டோடு பாடுகிறவர் டைனி டேவிஸ், பெயருக்கு மாறாக ஆள் நல்ல ஆகிருதி. வாய் நிறையச் சிரிக்கிறார், ஆனால் யார் சொல்லியும் சிரிக்கவில்லை. சாக்சபோன் வரிசையில் யார் என்ன நிறம் என்று கண்டுபிடிக்க முயற்சி செய்தோம். இரண்டு முறை ஓட்டியும் எங்களுக்குள் ஒத்துப்போகவில்லை. ஆம்ஸ்ட்ராங்கைத் திட்டிய தங்கை மூன்றாவது முறையும் போடச் சொன்னாள். அதற்குள் கரண்ட் போய்விட்டது.